தன்மை ஒருமை

எங்கள் தொழிலில் முதல் விதி:
அவர் ‘நான்’ என்றால் நானும் ‘நான்’ என்பேன்.
‘அவர் சொல்கிறார்’ என்று விலகி நிற்கக் கூடாது.
அதனால் இந்தப் பதினேழு வருடத்தில்
எனக்கு நாற்பது பிரசவம் நடந்திருக்கிறது,
இரண்டு தடவை கால் எடுத்திருக்கிறார்கள்,
ஒருமுறை வாடகை கட்டாமல் தெருவில் நின்றேன்.
எனக்காகப் பேச நேர்ந்தால் மட்டும்
நான் படர்க்கை:
‘மொழிபெயர்ப்பாளருக்குக் கேட்கவில்லை,
மறுபடி சொல்லுங்கள்.’

மாசி மாதம். ஸ்காபரோ. மார்க்கம் வீதியில்
பல் வைத்தியருக்கு மேல்மாடிக் கிளினிக்.
சபாரத்தினம் என்று வைத்துக்கொள்வோம்,
உண்மைப் பெயர் சொன்னால் வேலை போய்விடும்.
வயது எழுபத்துநான்கு.
முதுகு நோ, கால் நோ, வயிற்று ஊதல் என்று
ஒரு வருடமாய் நாலு ஸ்கான், ஆறு தரம் இரத்தம்.
எல்லாம் சுத்தம்.
மகன் ஃபோனைத் தடவியபடி,
‘அப்பாவுக்கு வயசு. வயசெண்டா இப்பிடித்தானே.’
அதையும் மொழிபெயர்த்தேன்.
டொக்டர் பெனவிடெஸ் பேனையைக் கீழே வைத்தார்.
‘இல்லை. வயது இப்படிச் செய்யாது.’
மகனை வெளியே இருக்கச் சொன்னார்.

பிறகு ஒரு தாள். ஆம், இல்லை, ஆம், இல்லை.
முன்பு விருப்பமாய்ச் செய்தவற்றை விட்டுவிட்டீர்களா?
அவர் யன்னலைப் பார்த்தார்.
கீழே உப்பு லொறி துப்பிக்கொண்டு போனது.
‘பேப்பர் தொடுறேல்லை. தாடி வழிக்கிறதும்
இவன் கத்தினாத்தான்.
விடிய மூண்டு மணிக்கு முழிப்பு.
ஹீட்டர் எத்தினை தரம் போடுதெண்டு
எண்ணிக்கொண்டு கிடப்பன்.’

நான் மூன்று மணிக்கு விழிக்கிறேன் என்றேன்.
ஹீட்டரை எண்ணுகிறேன் என்றேன்.
வழக்கமாய் ஒரு சொல்லுக்காவது தடுக்கும் நாக்கு
அன்று தடுக்கவேயில்லை.

செத்துவிட்டால் நல்லது என்று தோன்றுவதுண்டா?
இந்தக் கேள்வியைப் பஞ்சு சுற்றிக் கொடுக்க மனம் வரும்.
கூடாது. கேட்டேன்.
கனநேரம் கழித்து,
‘நானாக ஒண்டும் செய்யமாட்டன், தங்கச்சி.
விடியாட்டிலும் பரவாயில்லை எண்டு படுக்கிறனான்.’
சொன்னேன், ஆங்கிலத்தில், என் வாயால்.
விதிப்படி டொக்டர் அவரைத்தான் பார்க்க வேண்டும்.
ஒரு கணம் என்னைப் பார்த்தார்.

நோயின் பெயரைச் சொன்னதும் அவர் என் பக்கம் திரும்பி,
‘எனக்கு விசரெண்டு சொல்லுறாவோ?’
அதற்கு நான் பதில் சொல்லக் கூடாது.
மொழிபெயர்த்தேன். டொக்டர் சொன்னார்:
‘சலரோகம் போல இதுவும் ஒரு வருத்தம். மருந்து இருக்கிறது.’
முதலில் அரைக் குளிசை. பலன் தெரிய
நாலைந்து கிழமை பொறுக்க வேண்டும்.
பேசுவதற்கு ஓர் ஆள், செவ்வாய்தோறும்.
கடைகள் திறக்குமுன் மோலுக்குள் மூன்று சுற்று நடை.
இருட்டு அடர்ந்தால் இந்த நம்பர், எந்நேரமும்.
தாளை நாலாய் மடித்துச்
சட்டைப் பைக்குள் வைத்தார்,
பஸ் டிக்கெட் மாதிரி.

சித்திரையில் வந்தார். தாடி வழித்திருந்தது,
தாடையில் சின்ன வெட்டு.
எப்படி இருக்கிறீர்கள்?
முணுமுணுத்தார், சொன்னேன்.
‘பிழை,’ என்றார், தெளிவான ஆங்கிலத்தில்.
‘நான் சொன்னது கொஞ்சம் பரவாயில்லை எண்டு.
தங்கச்சி கொஞ்சத்தை விட்டிட்டா.’
இருபத்திரண்டு வருடம் பிக்கரிங்கில்
கார் உதிரிப்பாகத் தொழிற்சாலையில்
சுப்பவைசர். எல்லாம் விளங்கும் அவருக்கு.
தன் வாயால் சொல்லத்தான்
இன்னொரு வாய் வேண்டியிருந்தது.
டொக்டர் சிரித்தார். அவரும், கொஞ்சம்.
‘மொழிபெயர்ப்பாளர் வருந்துகிறார்,’ என்றேன்.

படியிறங்கி பஸ் தரிப்பில் நின்றேன்.
போன இரண்டு பஸ்ஸை விட்டேன்.
அறுபத்தெட்டு வயது, தனி வீடு,
தைமாதத்திலிருந்து திறக்காத தபால்கள்.
என் குடும்ப டொக்டரின் நம்பரை அழுத்தினேன்.
வரவேற்பில் ஒரு பெண்:
யாருக்கு நேரம் வேண்டும்?

‘மொழிபெயர்ப்பாளருக்கு,’ என்றேன் பழக்கத்தில்.
அவளுக்கு விளங்கவில்லை.
மறுபடி கேட்டாள்.

‘எனக்கு.’